மறு: தாத்தா நோட்டிலுள்ள சுழிக்கு ஒரு சொல் – ‘ஒளிபாடு’ சரிவருமா?

அன்புள்ள குழுவினருக்கு,

வணக்கம். என் தாத்தா தன் நோட்டில் ஒரு பெயர் வரவேண்டிய இடத்திலெல்லாம் போட்டிருக்கும் சுழிக்குச் சொல் கேட்டு எழுதிய மடலுக்கு இத்தனை பேர் மெனக்கெட்டுப் பதில் எழுதுவீர்கள் என்று நினைக்கவில்லை. புதிதாகச் சேர்ந்தவர்களுக்காக விஷயத்தை ஒருமுறை சொல்லிவிட்டு, வந்த சொற்களுக்குப் போகிறேன்.

என் தாத்தா சேரன்மகாதேவிப் பக்கம் ஓடு மேய்கிற வேலை பார்த்தவர். ஐந்தாம் வகுப்புப் படிப்பு. மழைக்காலத்துக்கு முன்னால் நாட்டு ஓட்டு வீடுகளில் ஓடு மாற்றக் கூப்பிடுவார்கள். கூரையில் ஏறுவதற்கு முன் வீட்டுக்குள் போய், கதவுகளைச் சாத்திவிட்டு, இருட்டில் அண்ணாந்து நிற்பார். எங்கே பொட்டு வெளிச்சம் தெரிகிறதோ அங்கே மழை ஒழுகும். கம்பால் அந்த இடத்து ஓடு ஒன்றை உள்ளிருந்தே தட்டி நிமிர்த்தி வைப்பார். மேலே ஏறியதும் அதுதான் அடையாளம். வருஷக்கணக்காக இருட்டில் நின்று வெளிச்சத்தைப் பார்த்தவருக்கு அதுவே ஒரு தத்துவமாகிவிட்டது. மூன்று நோட்டு எழுதி வைத்துவிட்டுப் போயிருக்கிறார். அவற்றைத்தான் இப்போது தட்டச்சு செய்துகொண்டிருக்கிறேன்.

அவர் சொல்வது இது. துளை வழியாக இறங்கும் வெளிச்சத்தை நடுவழியில் யாரும் பார்க்க முடியாது. அடுக்களைப் புகையோ தூசியோ குறுக்கே வந்தால் கம்பி இறக்கினாற்போலத் தெரியும். அப்போதும் கண்ணுக்குத் தெரிவது புகைதான். (பள்ளியில் டிண்டால் விளைவு என்று நாம் படித்தது.) இருட்டில் கிடக்கிற குடத்தையும் அதேபோல் பார்க்க முடியாது. வெளிச்சமும் குடமும் தொட்டுக்கொண்ட இடத்தில் மூன்றாவதாக ஒன்று உண்டாகிறது. உலகம் என்று நாம் சொல்வதெல்லாம் அந்த மூன்றாவதைத்தான். அது பொய்யில்லை. ஆனால் தன்னந்தனியாக நிற்கவும் அதனால் ஆகாது. சின்ன வயதில் என்னிடம் சொன்னது இன்னும் காதில் இருக்கிறது: “ஏல, வெளிச்சத்த எவம்ல கண்டான்? பட்டதத்தாம்ல பாக்கோம்.”

அந்த மூன்றாவதற்கு அவர் பெயர் வைக்கவில்லை. பெயர் வரவேண்டிய இடத்திலெல்லாம் பேனாவால் ஒரு சுழி போட்டிருக்கிறார்.

சும்மா போட்ட சுழி இல்லை அது. ஓட்டிலுள்ள துளை முக்கோணமோ கோணலோ, தரையில் விழுவது வட்டம்தான். ஏனென்றால் அது துளையின் வடிவமல்ல, சூரியனின் பிம்பம். பத்தடி உயரத்துத் துளையானால் ஓர் அங்குலத்துக்குச் சற்றுக் கூடுதலாக வட்டம் விழும். 2010 ஜனவரி 15, மாட்டுப் பொங்கலன்று கங்கண கிரகணம். மதியம் ஒரு மணி தாண்டியதும் எங்கள் அடுக்களைத் தரையில் கிடந்த வட்டங்கள் பிறையாக மெலிந்து, பிறகு ஒவ்வொன்றின் நடுவிலும் கறுப்பு விழுந்து வளையங்களாயின. ஏழெட்டு வளையம், எல்லாம் ஒரே அச்சு. தாத்தா குனிந்து ஒரு வளையத்துக்கு நேரே உள்ளங்கையை நீட்டினார். வளையம் கையில் ஏறிக்கொண்டது. கையை இழுத்தார், மறுபடி தரையில் கிடந்தது. “இது கையா, தரையா, சூரியனா?” என்று கேட்டார். நான் பதில் சொல்லவில்லை.

இனி சொற்கள்.

பாளையங்கோட்டை அண்ணாச்சி சொன்னது ‘மாயவுரு’. சொல் அழகு. ஆனால் தாத்தா கருத்துக்கு நேர் எதிராகப் போய்விடும் என்று பயப்படுகிறேன். பள்ளிக்கூடப் பிள்ளைகளுக்கு மாயபிம்பம் என்றால் திரையில் பிடிக்க முடியாதது. தாத்தாவுடைய வளையமோ கையில் பிடித்துக் காட்டியது. இயற்பியல் கணக்கில் அது மெய்பிம்பம். சைவ சித்தாந்தத்துக்குப் போனால் மாயை என்பதே பொய் அல்ல, உலகத்துக்கு முதற்காரணமான உள்பொருள். சிவஞானபோதத்துக்கு மாபாடியம் என்ற பேருரை எழுதிய சிவஞான முனிவர் பிறந்த விக்கிரமசிங்கபுரம் எங்களுக்குப் பஸ்ஸில் போய்வருகிற தூரம்தான். ஆனாலும் இன்று தெருவில் மாயம் என்றால் ஏமாற்று என்றே காதில் விழுகிறது. இப்படி மூன்று பக்கம் இழுக்கிற சொல்லைச் சுழி இருந்த இடத்தில் வைக்க மனம் வரவில்லை, அண்ணாச்சி.

யாழ்ப்பாணத்து ஐயா ‘தோற்றப்பாடு’ என்றார். ஆங்கிலத்தில் phenomenon என்பதற்கு இலங்கையில் பாடநூல்வரை வேரூன்றிய நல்ல சொல். இதில் வெளிச்சம் இல்லை என்பது ஒன்றே குறை. ஆனால் எனக்கு வழி காட்டியது அதன் பின்பாதி: பாடு.

வெயில் படுகிறது, கண்ணில் படுகிறது, புலப்படுகிறது. வெளிச்சத்துக்கு நாம் நாள் முழுக்கப் புழங்குகிற வினை ‘படு’தான். படுகதிர், படுகோணம் என்று பாடநூலிலும் அதுவே. தாத்தா வாயில் வந்ததும் ‘பட்டது’. அவர் சொல்லாத சொல்லை வெளியே தேட வேண்டியதில்லை என்று அப்போதுதான் உறைத்தது. ஒளி படுவதால் உண்டாவது என்ற பொருளில் ‘ஒளிப்பாடு’ என்று எழுதினேன்.

கல்லிடைக்குறிச்சி அக்கா உடனே பிடித்துக்கொண்டார்கள்:

> தம்பி, ப் போட்டால் ஒளிப்பு என்று கண் போகும். ஒளித்து வைப்பது என்று ஆகிவிடும். ஒளி எழுவாய், படு அதன் வினை. அங்கே வல்லினம் மிகாது. ஒளிபரப்பு என்று எழுதுகிறோமே. வழிபடு, வழிபாடு ஆனதுபோல ஒளிபடு, ஒளிபாடு.

ஒரு நாள் முழுக்க இதில் தடுமாறினேன். ஒளி என்ற சொல்லே வெளிச்சத்தையும் குறிக்கிறது, மறைவதையும் குறிக்கிறது. வெளிச்சம் பொருளுக்குள் தன்னை ஒளித்துக்கொண்டு பொருளைக் காட்டுகிறது என்று தாத்தாவே இரண்டாம் நோட்டில் எழுதியிருக்கிறார். அந்த ப் இருந்தால் இரண்டும் ஒரே சொல்லில் அடங்கும் என்று ஆசை வந்தது. ஆனால் கலைச்சொல்லைப் படிப்பவர் ஒரே வழியில்தான் படிக்க வேண்டும். அக்கா சொன்னபடியே ப் எடுத்துவிட்டேன். வழிபாடு என்ற சொல்லின் சாயல் வந்து சேர்ந்ததும் எனக்குப் பிடித்திருக்கிறது.

‘எற்பாடு’ நினைவுக்கு வருகிறதே என்றும் ஒரு மடல் வந்தது. உண்மைதான். எல் என்றால் ஞாயிறு. எற்பாடு பொழுது சாயும் நேரம். தொல்காப்பியம் நெய்தலுக்கு வைத்த சிறுபொழுது. அங்கே பாடு மறைவு, இங்கே தோற்றம், முரண்படாதா என்று கேட்டிருந்தார்கள். படுதல் என்பதற்கு உண்டாதல், மறைதல் இரண்டுமே பழைய பொருள்கள். கையை எடுத்ததும் கையில் மறைந்து தரையில் உண்டான வளையத்துக்கு இதைவிடப் பொருந்திய வினை எனக்குத் தெரியவில்லை.

வள்ளலாரின் சோதியோடு ஒப்பிட்டு எழுதியவர்களுக்குத் தனி மடலில் பதில் போடுகிறேன். அது பெரிய பேச்சு.

முதல் இரண்டு நோட்டிலும் சுழிகளை எடுத்துவிட்டு ‘ஒளிபாடு’ போட்டுப் பார்த்தேன். “ஒளிபாட்டுக்குச் சொந்தக்காரன் கிடையாது.” “ராத்திரி குடம் எங்கேயும் போகவில்லை, அதன் ஒளிபாடுதான் போனது.” நன்றாகவே உட்காருகிறது. ஒளிபட்ட, ஒளிபடாத என்று எச்சங்களும் தடையில்லாமல் வருகின்றன.

மூன்றாம் நோட்டில், கடைசிக்கு முந்தின பக்கத்தில், ஓரிடத்தில் மட்டும் நின்றுவிட்டேன். அவர் எழுதியபடியே தருகிறேன்:

“கனவுல தெரியுத ○க்கு ஓட்டை எங்க இருக்கு?”

இங்கே ஒளிபாடு என்று போட்டால், கனவிலும் ஒளி படுகிறது என்று அவருக்காக நான் முடிவு சொன்னதாகிவிடும். அவர் அதைக் கேள்வியாகத்தான் விட்டிருக்கிறார். அடுத்த பக்கம் வெற்றுத்தாள். மற்ற எல்லா இடத்திலும் சொல்லைப் போட்டுவிட்டு, இந்த ஓர் இடத்தில் சுழியை அப்படியே அச்சில் விட்டால் பதிப்பு முறைப்படி தவறாகுமா? ஏடு பதிப்பித்துப் பழக்கமுள்ளவர்கள் சொல்லுங்கள்.