சில்மரில்லியன் யார் எழுதியது, அப்பாவா மகனா?

கடைசிபெஞ்ச்:
டோல்கீனின் லார்ட் ஆஃப் தி ரிங்ஸ் நாவலை முடித்த கையோடு, அதற்கு முந்தைய காலத்துக் கதைகளான சில்மரில்லியனை எடுத்தேன், நாற்பது பக்கம் தாண்டவில்லை, அதற்குள் பெயர்களே தலைசுற்ற வைத்துவிட்டன. அது போகட்டும். டோல்கீன் இறந்தது 1973, புத்தகம் வந்தது 1977, தொகுத்தவர் மகன் கிறிஸ்டோபர். அப்படியானால் நான் படிப்பது யாருடைய வரி? மகன் அப்பா பெயரில் காசு பார்த்தார் என்று நண்பன் ஒருவன் அடித்துச் சொல்கிறான்.

மலைக்கோட்டை:
பெரும்பாலும் அப்பாவின் வரிதான், ஆனால் முடித்து வைத்த ஒரே பிரதி என்று எதுவும் கிடையாது. ஒரே கதையை உரைநடையாக, செய்யுளாக, சுருக்கமாக என்று ஐம்பது வருடத்துக்கு மேல் மாற்றி மாற்றி எழுதியிருக்கிறார். பென்சிலில் எழுதி அதன் மேலேயே பேனாவால் எழுதிய தாள்கள் வேறு, அடியில் இருப்பதைப் படிப்பதே பெரும்பாடு. கதையில் வரும் டோரியாத் ராஜ்யம் அழியும் அத்தியாயத்துக்கு முழுமையான பிற்காலப் பிரதியே இல்லாததால், அதை மகனும் உதவிக்கு வந்த கனடா இளைஞர் கை கேவ்ரியல் கே (Guy Gavriel Kay) என்பவரும் சேர்ந்துதான் கட்டி எழுப்பினார்கள்.

வேப்பமரம்:
இந்த வேலைக்கு கிறிஸ்டோபரை விட்டால் ஆள் ஏது? சின்னப் பையனாக அப்பா சொன்ன ஹாபிட் கதையைக் கேட்கும்போதே, போன தடவை பில்போ வீட்டுக் கதவு நீலம் என்றீர்கள், இப்போது பச்சை என்கிறீர்கள், தோரின் தொப்பிக் குஞ்சம் தங்கமா வெள்ளியா என்று மடக்கியவர். அப்பா முணுமுணுத்துக்கொண்டே போய்க் குறித்து வைத்தாராம். அந்தக் கதை புத்தகமாக வந்த பிறகு, கண்டுபிடிக்கும் பிழைக்கு இரண்டு பென்னி கூலி!

மலைக்கோட்டை:
காசு விஷயம்: லார்ட் ஆஃப் தி ரிங்ஸ் சினிமா உரிமையை 1969-லேயே அப்பாவே விற்றுவிட்டார். மகன் ஆக்ஸ்ஃபோர்டு வேலையை விட்டுவிட்டு, 1983 முதல் 1996 வரை 12 தொகுதிகளில் அடித்தல் திருத்தல் உட்பட அத்தனை வரைவுகளையும் அச்சில் கொண்டுவந்தார். டோரியாத்தில் நான் எல்லை மீறிவிட்டேன் என்று அதிலேயே ஒப்புக்கொள்கிறார். காசு பார்க்க நினைப்பவன் தன் ஒட்டுவேலையைத் தானே பிரித்துக் காட்டுவானா?

நெல்லைக்காரன்:
எனக்கு முழுச் சம்மதம் இல்லை. 2017-ல் கிறிஸ்டோபர் தொகுத்து வந்த பெரன் அண்ட் லூதியன் புத்தகத்தில் பெரும்பகுதி அந்தத் தொகுதிகளில் ஏற்கெனவே வந்ததுதான், முழு விலை கொடுத்து வாங்கி ஏமாந்தேன். ஆனால் அப்போது தொகுத்தவருக்கு வயது 92, அதனால் திட்டவும் வாய் வரவில்லை.

கடைசிபெஞ்ச்:
சரி, நண்பனுக்கு இதை அனுப்பிவிட்டேன், இன்னும் பதில் இல்லை. டோரியாத் எத்தனையாவது அத்தியாயம்? நேராக அங்கேயே போகலாமா?

மலைக்கோட்டை:
22. ஆனால் தாவாதீர்கள், ஒருத்தர் பெயரும் புரியாது.