டாக்குமெண்டரி டைரக்டர் ஆனந்த் பட்வர்த்தன் படங்களை எங்க, எப்படிப் பார்த்தீங்க?

நானே ஆரம்பிக்கிறேன். காலேஜ்ல சீனியர் அண்ணன் ஒருத்தர் 'ராம் கே நாம்' டிவிடி வச்சிருந்தாரு, அயோத்தில பாபர் மசூதி இருந்த இடத்துல ராமர் கோயில் கட்டணும்னு நடந்த இயக்கம் பத்தின படம், சின்ன மண்டபம் ஒண்ணு பிடிச்சு போடலாம்னு போனோம். மேனேஜர் பேரைக் கேட்டதுமே "ராமர் பேரு வருதே தம்பி, ஸ்டேஷன்ல ஒரு லெட்டர் வாங்கிட்டு வந்துருங்க"ன்னுட்டாரு. சென்சார்ல யு சர்டிபிகேட் குடுத்த படம் சார், நேஷனல் அவார்டு வாங்கினது, கோர்ட்டு சொல்லி தூர்தர்ஷன்லயே போட்டாங்கன்னு அண்ணன் சொல்லிப் பார்த்தாரு. "எல்லாம் சரி, நாலு பேரு வந்து சேரை ஒடைச்சா சர்டிபிகேட்டா வந்து காசு குடுக்கும்?" அவரு கேட்டதுலயும் தப்பில்ல. அப்புறம் ஒரு தோழர் வீட்டு மொட்டைமாடில வேட்டியைக் கட்டித்தான் போட்டோம். அதுல அயோத்தி கோயில் பூசாரி லால்தாஸ்னு ஒருத்தர் வருவாரு, கோர்ட்டு நியமிச்ச பூசாரி, இதெல்லாம் ஓட்டுக்கும் காசுக்கும் பண்றாங்கன்னு கேமரா முன்னாடி பட்டுன்னு சொல்வாரு. 1993ல அவரைக் கொன்னுட்டாங்கன்னு படம் முடிஞ்சதும் அண்ணன் சொன்னாரு, கொஞ்ச நேரம் யாரும் பேசல.

---

நான் தாராவி. எங்களுக்கெல்லாம் 'ஹமாரா ஷஹர்'தான் ப்ரோ, 1985 படம், பம்பாய்ல குடிசை இடிக்கிறது பத்தி. அப்பாவும் பெரியப்பாவும் டிவி முன்னாடி உக்காந்து இது எந்த ஏரியா எந்த ஏரியான்னே பேசிட்டு இருந்தாங்க, படத்தை ஒழுங்கா பாக்க விடல. அதுல ஒரு பொம்பள டைரக்டரையே பிடிச்சு ஏறுவாங்க, ஏழைங்கள படம் பிடிச்சு நீ பேரு வாங்கப்போற, எங்களுக்கு என்ன செய்வேன்னு. வேற யாரா இருந்தாலும் எடிட்டிங்ல தூக்கிருப்பாங்க, இவரு அப்படியே வச்சிருக்காரு. அதுல பாட்டு பாடுற விலாஸ் கோக்ரேவும் நம்ம பக்கத்து மனுஷன்தான். 1997ல மும்பைல தலித் மக்கள் இருக்கிற ரமாபாய் காலனில போலீஸ் சுட்டு 10 பேரு செத்ததும் மனசு ஒடிஞ்சு தற்கொலை பண்ணிக்கிட்டாரு. அங்கருந்து ஆரம்பிச்ச 'ஜெய் பீம் காம்ரேட்' படம் முடிய 14 வருஷம் ஆச்சு.

---

எனக்கு அவரோட படங்கள் கொஞ்சம் நீளம், பிரச்சாரம் தூக்கலா இருக்கும், சொல்லிடறேன். ஆனா மனுஷனோட பிடிவாதம் வேற லெவல். எமர்ஜென்சி நேரத்துல பீகார்ல ஜெயப்பிரகாஷ் நாராயண் (ஜே.பி.) நடத்தின இயக்கம் பத்தின படத்தை துண்டு துண்டா வெட்டி, வெளிநாடு போறவங்ககிட்ட குடுத்தனுப்பி, கனடா போய் ஒட்டவச்சாரு. கையில நல்ல கேமராவும் இல்ல, சூப்பர் 8ங்கிற சின்ன ஃபிலிம்ல எடுத்ததை திரைல ஓட்டி அதை மறுபடி 16 எம்எம்ல எடுத்திருக்காரு. 1977ல ஆட்சி மாறிச்சு, ஜே.பி. கூட நின்னவங்களே மந்திரி ஆனாங்க, இவரு நெனச்சிருந்தா அவங்க தயவுல நல்லா செட்டில் ஆயிருக்கலாம். அதை விட்டுட்டு 1978ல அரசியல் கைதிகள் பத்தி ஒரு படம் எடுத்து, எமர்ஜென்சிக்கு முன்னாடியும் அடைச்சாங்க, பின்னாடியும் உள்ளதான் இருக்காங்கன்னு காட்டினாரு.

---

கோர்ட்டு பக்கம் பாத்தா இன்னும் கூத்து. அணுகுண்டு பத்தி எடுத்த 'ஜங் அவுர் அமன்'க்கு சென்சார்ல 21 வெட்டு கேட்டாங்க, அதுல அரசியல் தலைவர்கள் பேசுற காட்சி எல்லாத்தையும் தூக்குன்னும் ஒண்ணு, பிரதமர் வரைக்கும். அவங்களே மைக் பிடிச்சு ஊருக்குப் பேசினதுதானய்யா! 2003ல பம்பாய் ஹைகோர்ட்டு ஒரு வெட்டும் வேணாம்னு சொல்லிருச்சு. இன்னொரு படத்தை தூர்தர்ஷன் போடணும்னு 2006ல சுப்ரீம் கோர்ட்டு சொல்றப்போ படம் வந்து பத்து வருஷத்துக்கு மேல ஆச்சு, ஜெயிச்சும் என்ன. நான் சொல்ல வர்றது, முதல் போஸ்ட்ல அந்த மண்டப மேனேஜர் சொன்னதுதான் நிஜம். சென்சார் போர்டோட கோர்ட்டுல நின்னு மோதலாம், அங்க ஒரு ஆர்டர் கிடைக்கும். சேரை ஒடைப்பான்னு ஒரு பயம் இருக்கே, அதுக்கு எங்க போய் கேஸ் போடுறது? 2024 ஜனவரில ஹைதராபாத்ல ஒரு கஃபேல 'ராம் கே நாம்' போட்டப்போ நடுவுலயே நிறுத்தி, போட்டவங்களத்தான் போலீஸ் பிடிச்சுட்டுப் போச்சு. அதே யு சர்டிபிகேட் படம்தான்.

---

2019ல திருவனந்தபுரம் டாக்குமெண்டரி விழாவுக்கு அவரோட 'விவேக்' படம் பாக்கத்தான் ரயில் ஏறினேன். மூடநம்பிக்கை, மதவெறி எதிர்த்துப் பேசின தபோல்கர், பன்சாரே, கல்புர்கி, கௌரி லங்கேஷ் கொலைகள் அதுல வரும். மத்திய அமைச்சகம் அனுமதி தரல, கேரளா ஹைகோர்ட்டு ஆர்டர் வந்தப்புறம்தான் போட்டாங்க, அதுவரைக்கும் டீக்கடைல நின்னு போனையே பாத்துட்டு இருந்தோம். அந்தப் படம் பகுதி பகுதியா யூடியூப்ல வந்துச்சு. யாராவது தமிழ் சப்டைட்டில் போட்டிருந்தா லிங்க் குடுங்கப்பா, அம்மா கேட்டுட்டே இருக்காங்க.