குவைத்தில் வீட்டு வேலை: பாஸ்போர்ட்டை முதலாளி வைத்துக்கொள்ளலாமா?

கேள்வி:
அக்கா குவைத்தில் ஒரு வீட்டில் வேலை செய்கிறார். போய் இறங்கியதுமே பாஸ்போர்ட்டை வாங்கி வைத்துக்கொண்டார்கள். விடியும் முன் எழுந்தால் படுக்க நள்ளிரவு ஆகிறது, வார லீவு என்ற பேச்சே இல்லை, இப்போது சம்பளமும் நின்றுவிட்டது. கேட்டால் "காசு கட்டித்தானே உன்னை எடுத்தோம்" என்கிறார்களாம். சட்டத்தில் ஏதாவது வழி இருக்கிறதா?

பதில் 1:
இருக்கிறது. குவைத்தில் வீட்டுப் பணியாளர்களுக்கென்றே 2015-ல் 68-ஆம் எண் சட்டம் வந்தது. ஒரு நாளைக்கு 12 மணி நேரத்துக்கு மேல் வேலை வாங்கக் கூடாது, வாரம் ஒரு நாள் ஓய்வு, சம்பளத்தோடு ஆண்டு விடுப்பு, எல்லாம் அதில் உண்டு. குறைந்தபட்சச் சம்பளம் 60 தினார் என்று 2016-ல் நிர்ணயித்தார்கள். அவர்கள் ஏஜென்சிக்குக் கட்டிய பணம் உங்கள் அக்காவின் கடன் அல்ல, அதைச் சொல்லி மிரட்ட அவர்களுக்கு எந்த உரிமையும் இல்லை.

பதில் 2:
கான்ட்ராக்ட் முடியும்வரை பொறுத்துக்கொள்ளச் சொல்லுங்கள். பாஸ்போர்ட்டை எல்லா வீட்டிலும்தான் வைத்துக்கொள்கிறார்கள்.

பதில் 3:
எல்லோரும் செய்வதால் அது சரியாகிவிடாது. பணியாளரின் சம்மதம் இல்லாமல் அவருடைய ஆவணங்களை வைத்திருக்கக் கூடாது என்று அதே சட்டம் சொல்கிறது. எனக்குக் கோபம் வருவது அந்தச் 'சம்மதம்' என்ற இடத்தில்தான். அகாமா (குவைத்தில் தங்குவதற்கான அனுமதி) கஃபீல் (விசா கொடுத்து எடுத்த முதலாளி) கையில், சாப்பாடும் படுக்கையும் அவர் வீட்டில், இந்த நிலையில் ஒரு பெண் எப்படி மறுப்பாள்? சர்வதேசத் தொழிலாளர் அமைப்பின் 189-ஆம் உடன்படிக்கை (2011) இந்த ஓட்டையே இல்லாமல், பாஸ்போர்ட்டைத் தன்னிடமே வைத்துக்கொள்ளும் உரிமை பணியாளருக்கு உண்டு என்கிறது. குவைத் அதை ஏற்கவில்லை, இந்தியாவும் ஏற்கவில்லை.

கேள்வி கேட்டவர்:
சரி, அப்படியே வீட்டை விட்டு வந்துவிடலாமா? தெரிந்த ஒருவர் வேறு வீட்டில் வேலை வாங்கித் தருகிறேன் என்கிறார்.

பதில் 3:
அதை மட்டும் செய்ய வேண்டாம். வேறு வீட்டில் சேர்ந்தால், ஓடிப்போய்விட்டார் என்று கஃபீல் புகார் கொடுப்பார், அப்புறம் சம்பளம் கேட்டுப் போனவர்தான் கைதாகி நாடு கடத்தப்படும் நிலை வரும். வெளியே வந்தால் நேராக நம் தூதரகத்துக்கு, இல்லையென்றால் மனிதவள ஆணையத்தின் வீட்டுப் பணியாளர் பிரிவுக்குப் போகட்டும். அதற்கு முன்னால் கான்ட்ராக்ட், சிவில் ஐடி (குவைத் அடையாள அட்டை) இரண்டையும் போட்டோ எடுத்து உங்களுக்கு அனுப்பச் சொல்லுங்கள். எந்தெந்த மாதச் சம்பளம் வரவில்லை என்பதையும், சம்பளம் பற்றி வந்த வாட்ஸ்அப் செய்திகளையும் அழிக்காமல் வைத்திருக்கட்டும். நீங்கள் இங்கிருந்தே இந்திய வெளியுறவு அமைச்சகத்தின் 'மதத்' (MADAD) என்ற இணையதளத்தில் புகார் பதியலாம். அடி, உதை என்றால் இதற்கெல்லாம் காத்திருக்காமல் உடனே வெளியேறட்டும்.