துப்பறியும் ஜோடிகளுக்குக் காதல் தேவையா?

பாரி:
ஆணும் பெண்ணும் சேர்ந்து கொலை வழக்கை விசாரித்தால் காதல் வந்தே தீர வேண்டுமா? 2013-இல் வந்த ‘பிராட்சர்ச்’ என்ற பிரிட்டிஷ் தொடரைப் பாருங்கள். ஹார்டி என்ற போலீஸ் அதிகாரியாக டேவிட் டென்னன்ட், கூட விசாரிக்கும் எல்லி மில்லராக ஒலிவியா கோல்மன். மூன்று சீசன், காதல் வாடையே கிடையாது. (முதல் சீசன் முடிவைச் சொல்கிறேன், பார்க்காதவர்கள் தாண்டிவிடுங்கள்.) சிறுவனைக் கொன்றது எல்லியின் கணவன்தான் என்பதை ஹார்டி அவளிடமே சொல்ல வேண்டும். எப்போதும் ‘மில்லர்’ என்றே கூப்பிடுகிற மனிதர், அந்த விசாரணை அறையில் ‘எல்லி’ என்கிறார். அந்த ஒரு சொல்லிலேயே அவளுக்கு அடிவயிறு கலங்கிவிடுகிறது. இருவருக்கும் நடுவில் காதல் இருந்திருந்தால், புருஷன் போனால் இவர் இருக்கிறார் என்று நம் மனசு கணக்குப் போட்டிருக்கும். காட்சியே செத்திருக்கும்.

தேன்மொழி:
காட்சி பிரமாதம்தான். அதை வைத்துக் காதலே கூடாது என்று சட்டம் போடாதீர்கள் பாரி. எலும்பு ஆய்வாளர் பிரெனனும் எஃப்.பி.ஐ. அதிகாரி பூத்தும் துப்பறியும் ‘போன்ஸ்’ தொடர் 2005-இல் தொடங்கியது. ஆறாவது சீசன் முடிவில் பிரெனன் தான் கர்ப்பம் என்று பூத்திடம் சொல்கிறாள். அதற்கப்புறம் இன்னும் ஆறு சீசன், 2017 வரை ஓடியது. கைக்குழந்தையை வைத்துக்கொண்டே எலும்புகளை ஆராய்ந்தார்கள், வழக்கும் தொய்யவில்லை. வருடக்கணக்காகப் பிணங்களுக்கு முன்னால் சேர்ந்து நிற்கிறவர்களுக்குள் ஒட்டுதல் வருவது இயல்பு.

பாரி:
சரி, எண்பதுகளில் வந்த துப்பறியும் ஜோடித் தொடர் ‘மூன்லைட்டிங்’? இருவரும் சேர்ந்ததும் தொடர் படுத்துவிட்டதே.

தேன்மொழி:
அந்தப் பழியைக் காதல் மேல் போடாதீர்கள்! நான்காவது சீசன் சமயத்தில் நாயகி சிபில் ஷெப்பர்டுக்கு இரட்டைக் குழந்தைகள். நாயகன் புரூஸ் வில்லிஸோ ‘டை ஹார்ட்’ படப்பிடிப்பில். இருவரும் ஒன்றாக வரும் காட்சிகளே அருகிப்போயின. ஜோடியே திரையில் இல்லாதபோது காதல் எதைக் கெடுக்கும்?

கண்மணி:
இரண்டு பேரும் காதலையே சுற்றிச் சுற்றி வருகிறீர்கள். யார் மேலதிகாரி என்று கேட்க மாட்டீர்களா? ‘பிராட்சர்ச்’ முதல் எபிசோடில் எல்லி விடுமுறை முடிந்து, எல்லோருக்கும் பரிசு வாங்கிக்கொண்டு வருகிறாள். அவளுக்கு என்று சொல்லியிருந்த பதவியை ஹார்டிக்குக் கொடுத்துவிட்டார்கள். கழிப்பறையில் போய் அழுகிறாள். திரைக்கு வெளியிலும் இதே கதைதான். ஆணும் பெண்ணுமாக மர்மங்களை விசாரிக்கும் ‘எக்ஸ் ஃபைல்ஸ்’ தொடர் 2016-இல் திரும்ப வந்தபோது, நாயகன் டுகோவ்னிக்குப் பேசிய சம்பளத்தில் பாதிதான் தனக்கு முதலில் பேசினார்கள் என்று ஸ்கல்லியாக நடித்த கில்லியன் ஆண்டர்சனே சொன்னார். ஸ்கல்லி இல்லாமல் அந்தத் தொடர் ஏது? எனக்கு இன்னும் ஆறவில்லை.

பாரி:
கண்மணி சொல்வது நியாயம், அந்தப் பதவி எல்லிக்கு உரியது. அந்த மனக்கசப்பு வழக்கு முழுக்க அவள் கூடவே வருகிறது, ஹார்டியை முகத்துக்கு நேரே எதிர்த்துப் பேச வைக்கிறது. காதல் நுழைந்திருந்தால் முதல் முத்தத்திலேயே அதைக் கரைத்திருப்பார்கள். என் கட்சியில் மாற்றமில்லை.