புதுப்பிப்பு: கணவன் மனைவி தகராறில் ஆட்கொணர்வு மனு, குழந்தை விஷயம்

மனைவி தானாகவே பிறந்த வீட்டுக்குப் போயிருந்தால் ஆட்கொணர்வு மனு (சட்டவிரோதமாகப் பிடித்து வைத்திருப்பவரை ஆஜர்படுத்தச் சொல்லி உயர் நீதிமன்றத்தில் கோரும் மனு) நிற்காது என்று முன்பு எழுதியிருந்தேன். "என் விருப்பப்படிதான் இருக்கிறேன்" என்று அவர் நீதிபதிகளிடம் சொன்னதும் மனு முடிந்துவிடும். சேர்ந்து வாழக் கோருவதென்றால், இந்து திருமணச் சட்டம் 9-ஆம் பிரிவில் குடும்ப நீதிமன்றம்தான் வழி.

கணவர் குழந்தையைத் தூக்கிப் போய்விட்டால்? பலரும் கேட்டது இதைத்தான். 2019-இல் தேஜஸ்வினி கவுட் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது: சட்டப்படி உரிமை இல்லாதவரிடம் குழந்தை இருந்தால் இம்மனு செல்லும். ஆனால் அப்பாவும் இயற்கைக் காப்பாளர் (சட்டமே ஏற்கும் இயல்பான பொறுப்பாளர்) என்பதால், அவரிடம் இருப்பதே சட்டவிரோதம் ஆகிவிடாது. ஐந்து வயது நிரம்பாத குழந்தை சாதாரணமாக அம்மாவிடம்தான் என்ற 1956 இந்து சிறார் மற்றும் காப்பாளர் சட்டத்தின் 6-ஆம் பிரிவு இங்கே அம்மாவுக்குப் பெரிய பலம். வயதைக் காட்ட பிறப்புச் சான்றிதழை அவசியம் இணையுங்கள்.

முதலில் காவல் நிலையத்தில் எழுத்துப்பூர்வமாகப் புகார் கொடுத்து சிஎஸ்ஆர் ரசீது (புகாரைப் பெற்றதற்கான ரசீது) வாங்குங்கள். பிரமாணப் பத்திரத்தில் குழந்தை கடைசியாக யாரிடம் இருந்தது, எந்தத் தேதியில், எப்படிக் கொண்டுபோனார்கள் என்று தெளிவாக இருக்கட்டும். "கடத்திவிட்டார்" என்ற ஒற்றை வரி போதாது. குடும்ப நீதிமன்றத்தில் வழக்கோ இடைக்கால உத்தரவோ இருந்தால் மறைக்கவே கூடாது. மனு தள்ளுபடியாக அதுவே போதும்.

விரிவான சாட்சி விசாரணை தேவைப்பட்டால் உயர் நீதிமன்றம் குடும்ப நீதிமன்றத்துக்கே அனுப்பும். ஆகவே 1890 காப்பாளர் சட்ட மனுவையும், அதன் 12-ஆம் பிரிவில் குழந்தையின் இடைக்காலப் பொறுப்புக் கோரிக்கையையும் தயாராக வைத்திருங்கள். குழந்தை வழக்கமாக வசிக்கும் ஊர் நீதிமன்றத்தில்தான் அதைத் தாக்கல் செய்ய வேண்டும்.