மறு: ‘புனல்வலைச் சிலந்தி’ பொருந்துமா?

அனைவருக்கும் வணக்கம்.

ஆஸ்திரேலியாவின் சிட்னியில் வாழும், ஆங்கிலத்தில் ‘funnel-web spider’ எனப்படும் கொடிய கருஞ்சிலந்திக்குத் தமிழ்ப் பெயராகப் ‘புனல்வலைச் சிலந்தி’ என்று இங்கே முன்மொழியப்பட்டிருக்கிறது. எனக்கு இதில் உடன்பாடில்லை.

எண்ணெய் ஊற்றும் புனல் எல்லோருக்கும் தெரியும், சரி. ஆனால் புனலுக்கு நீர் என்ற பொருளும் உண்டு, அது இங்கே தவறான இடத்துக்கு இட்டுச்செல்லும். இந்தச் சிலந்தி சிட்னி வீடுகளின் நீச்சல் குளங்களில் அடிக்கடி விழுகிறது. உடல் மயிரில் காற்றுக் குமிழியைப் பிடித்துக்கொண்டு ஒரு நாள்கூட நீருக்குள் உயிரோடு கிடக்கும். செத்ததென்று நினைத்துக் கையில் எடுத்தால் கடிக்கும். பெயரில் ‘புனல்’ இருந்தால் இதை நீர்வாழ் சிலந்தி என்றே படிப்பவர் முடிவு செய்வார்.

இதைவிடப் பெரிய சிக்கல் நம் ஊரில் இருக்கிறது. பனிக்காலக் காலையில் வரப்பிலும் புல்தரையிலும் விரிப்பு போல வலை தெரியுமே, ஓரத்தில் குழல் போல உள்ளிறங்கி? உண்மையான புனல்வலை அதுதான். அதைக் கட்டும் சிலந்திகளால் மனிதருக்குத் தீங்கில்லை, பயிர்ப்பூச்சிகளைத் தின்று உழவருக்கு உதவுகின்றன. ஆஸ்திரேலியச் செய்தி ஒன்று இதே பெயரில் தமிழில் வந்தால், வரப்புச் சிலந்தியை மிதித்துக் கொல்லத் தொடங்குவார்கள். இது நடக்கக் கூடாது என்பதற்காகவே இவ்வளவு எழுதுகிறேன்.

சிட்னிச் சிலந்தி வாழும் முறை வேறு. ஈரமான மண்ணில், கல்லுக்கும் கட்டைக்கும் அடியில் வளை தோண்டி, உட்புறம் முழுக்கப் பட்டிழையால் பூசுகிறது. வாயிலிலிருந்து இழைகள் நாலாபக்கமும் தரையில் ஓடும். வண்டோ கரப்பானோ அதில் இடறினால் உள்ளிருந்து பாய்ந்து பிடிக்கும். ஆகவே என் பரிந்துரை ‘இழைவளைச் சிலந்தி’. வாயிலிலிருந்து ஓடும் இழைகளுக்குத் ‘தடுக்கிழை’ என்று வைக்கலாம்.

வலையும் வளையும் பேச்சில் குழம்பும் என்று ஒருவர் சொல்லக்கூடும். நியாயம்தான். ஆனால் எலிவளை, நண்டுவளை என்று மக்களிடம் வளை நன்றாகவே புழங்குகிறது. மரப்பொந்தில் வாழும் இனங்களும் உண்டு, அவற்றை ‘மர இழைவளை’ என்று பிரித்துக்கொள்ளலாம். இந்தக் குடும்பத்தில் 30-க்கும் மேற்பட்ட இனங்கள் இருப்பதால் முன்னொட்டு எப்படியும் தேவைப்படும். சிட்னி இனம் என்று ஒன்றாக எண்ணியிருந்ததையே 2025-இல் மூன்றாகப் பிரித்துவிட்டார்கள். சிட்னிக்கு வடக்கே நியூகாசில் பகுதியில் உள்ளது அவற்றில் பெரியது.

சொல் துல்லியமாக இருக்க வேண்டும் என்று நான் வற்புறுத்துவதற்கு முதலுதவியும் காரணம். இழைவளையின் நஞ்சு, செய்தி கடத்துவதற்காக நரம்புகளில் திறந்து மூடும் சோடியம் வாயில்களை மூடவிடாமல் செய்கிறது. நரம்புகள் ஓயாமல் துடிக்கின்றன. வியர்வை, எச்சில், கண்ணீர் பெருகும், தசைகள் துள்ளும், நுரையீரலில் நீர் கோக்கும். மனிதருக்கு மிகக் கொடியது சிட்னி ஆண் சிலந்தியின் நஞ்சு. கோடையில் இணை தேடி அலையும்போது வீட்டுக்குள்ளும், கழற்றிவைத்த காலணிக்குள்ளும் புகுவது அதுதான். 1927 முதல் 1980 வரை 13 பேர் இறந்ததாகப் பதிவு உண்டு. ஆஸ்திரேலிய மருத்துவ ஆய்வாளர் ஸ்ட்ரூவன் சதர்லாந்தின் குழு உருவாக்கிய நஞ்சுமுறி மருந்து 1981-இல் பயன்பாட்டுக்கு வந்தபின் இறப்பு பதிவாகவில்லை.

கடிபட்டால் அந்தக் கை அல்லது கால் முழுவதையும் பட்டைத்துணியால் இறுக்கிச் சுற்றி, அசையாமல் வைத்து, உடனே அவசர ஊர்தியை அழைக்க வேண்டும். இப்படிக் கட்டும் முறைக்கு ‘அழுத்தக் கட்டு’ என்ற பெயர் போதும். அதே ஆஸ்திரேலியாவின் செம்முதுகுச் சிலந்தி (redback) கடித்தால் இப்படிக் கட்டக் கூடாது, குளிர் ஒத்தடம் மட்டுமே. தமிழில் நலக் குறிப்பு எழுதுபவர் இரண்டையும் ‘நச்சுச் சிலந்தி’ என்று ஒரே சொல்லில் அடக்கினால் தவறான சிகிச்சையில் முடியும்.

சிட்னியில் வாழும் உறுப்பினர்களிடம் ஒரு வேண்டுகோள். அங்கே தமிழ்க் குடும்பங்களில், முக்கியமாகப் பெரியவர்கள், இதை என்ன பெயரால் சொல்கிறார்கள்? புழக்கத்தில் நல்ல சொல் இருந்தால் இழைவளையை விட்டுவிட்டு அதையே ஏற்கலாம்.

அன்புடன்