பச்சிளங்குழந்தைக்கு வலிப்பு: அனுபவம் உள்ளவர்கள் சொல்லுங்கள்

வணக்கம். என் தங்கை மகன் பிறந்ததும் அழவில்லை. மூளைக்கு ஆக்சிஜன் குறைந்துவிட்டது என்று அன்றே 72 மணி நேர உடல் குளிர்விப்புச் சிகிச்சையைத் தொடங்கினார்கள். அதற்குள் வலிப்பும் வந்துவிட்டது. பெரியவர்களுக்குப் போல வெட்டி இழுக்கவில்லை. கண் ஒரு பக்கமாகவே நிலைகுத்தியது, வாய் சப்புக்கொட்டியது, கால் சைக்கிள் மிதிப்பதுபோல் அசைந்தது. நர்ஸ் அக்கா கையை மெல்லப் பிடித்துப் பார்த்தார். வெறும் நடுக்கம் என்றால் பிடித்ததும் நின்றுவிடுமாம், வலிப்பு நிற்காதாம்.

சர்க்கரை, கால்சியம், கிருமித்தொற்று எல்லாம் சோதித்தார்கள், அதிலெல்லாம் குறையில்லை. பீனோபார்பிடோன் என்ற வலிப்பு மருந்தில் அது அடங்கியது. இப்போது வீட்டில்தான் இருக்கிறான், மருந்து தொடர்கிறது.

இதே நிலையைக் கடந்து வந்த பெற்றோர் சொல்லுங்கள்: மருந்தை எப்போது, எந்தப் பரிசோதனைக்குப் பிறகு நிறுத்தினார்கள்? கழுத்து நிற்பதற்கும் பார்வைக்கும் பயிற்சியை எந்த மாதத்தில் ஆரம்பித்தீர்கள்? மதுரைப் பக்கம் அரசு மருத்துவமனையில் உள்ள ஆரம்ப நிலை இடையீட்டு மையத்துக்கு (வளர்ச்சி தாமதமாகும் குழந்தைகளுக்குப் பயிற்சி தரும் இடம்) போனவர்கள் யாராவது இருக்கிறீர்களா?

வசம்பு, உரைமருந்து யோசனைகள் மட்டும் தயவுசெய்து வேண்டாம். டாக்டர் கண்டிப்பாகக் கூடாது என்றிருக்கிறார். தங்கை இரவெல்லாம் தூங்காமல் குழந்தையையே பார்த்துக்கொண்டிருக்கிறாள். அவளோடு பேச யாராவது முன்வந்தாலும் பெரிய உதவி.